பனியிலே புதைந்த படையெடுப்புகள்



மார்கழி மாதத்து விடியற்காலை. இரவெல்லாம் பெய்த மழை ஓய்ந்து, மரத்துப் பட்டை காயட்டும் என்று பால் வெட்டப் போகாமல் லயத்து வாசலிலே காத்திருக்கும் நேரம். தலையிலே துண்டைக் கட்டிக்கொண்டு, கறுப்புக் காப்பியைக் கையில் ஏந்திக்கொண்டு, "இன்றைக்கு என்ன குளிர்!" என்று பெரியவர்கள் சொல்வதை நாம் எல்லோரும் கேட்டிருக்கிறோம். ரவாங் வட்டாரத்துத் தோட்டங்களிலே குளிர் என்றால் அவ்வளவுதான். அந்த வேளையிலே வெப்பமானியைப் பார்த்தாலும் அது 20 பாகைக்கு மேலேதான் நிற்கும். தண்ணீர் உறைந்து கல்லாகிப் போவது 0 பாகையிலே. அதற்கும் கீழே 20 பாகை, 30 பாகை என்று இறங்குகின்ற குளிர் உலகத்திலே உண்டு. அந்தக் குளிருக்குள்ளே, அந்நிய நாட்டைப் பிடிப்பதற்காகப் படை நடத்திச் சென்றவர்கள் உண்டு. அவர்களுடைய வரலாற்றைத்தான் இன்றைக்குப் பார்க்கப் போகிறோம்.

பனியே விழாத நாட்டிலே இருக்கிற நமக்கு இந்தப் பேச்சு எதற்கு என்று உங்களிலே சிலர் கேட்கலாம். இரண்டு காரணங்கள் உண்டு. அப்படிப் பனியிலே மாண்டவர்களிலே பல்லாயிரம் பேர் இந்தியர்கள். அவர்களிலும் பெரும்பாலோர் துப்பாக்கி பிடிக்காத, சுமை தூக்கிப் பிழைத்த ஏழைகள். இது முதற் காரணம். மாஸ்கோ நகரத்துப் பனியிலே நடந்த ஒரு போருக்கும், நம் முன்னோர் பால் வெட்டிய கித்தா மரத்துக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. இது இரண்டாவது காரணம். அந்தத் தொடர்பை முறைப்படி பின்னாலே சொல்கிறேன்.

குளிர் எப்படிக் கொல்கிறது?

முதலிலே, குளிர் மனிதனை என்ன செய்கிறது என்று தெரிந்துகொள்வோம். நம்முடைய உடம்பு ஓர் அடுப்பு மாதிரி. உண்ட உணவுதான் அதற்கு விறகு. வெளியே குளிர் கூடக் கூட உடம்பு அதிக உணவைக் கேட்கும். உணவு குறைந்தால் உடம்பு தன் சூட்டை நெஞ்சுக்கும் மூளைக்கும் மட்டும் ஒதுக்கிக்கொண்டு, கைவிரல், கால்விரல், மூக்கு, காது ஆகியவற்றுக்குப் போகும் இரத்தத்தைக் குறைத்துவிடும். அப்போது அந்த விரல்கள் மரத்துப் போகும். பிறகு உள்ளே இருக்கும் நீர் உறையும். வலி தெரியாது. வலி தெரியாததாலே ஆபத்தும் தெரியாது. சில நாளிலே விரல் கறுத்துப் போகும். வெட்டி எடுப்பதைத் தவிர வேறு வழி இருக்காது. இதைத்தான் பனிக்கடி என்கிறார்கள்.

ஈரமான காலணியும் இறுக்கமான காலணியும் பனிக்கடியை விரைவிலே கொண்டுவரும். குடிக்கத் தண்ணீர் வேண்டுமென்றால் பனியை உருக்க வேண்டும். உருக்குவதற்கு விறகு வேண்டும். குதிரைக்கும் ஒட்டகத்துக்கும் தீனி வேண்டும். புல்லோ பனிக்கு அடியிலே கிடக்கும். மிருகங்கள் விழுந்தால் உணவு மூட்டைகள் வழியிலேயே நின்றுவிடும். உணவு நின்றால் மனிதன் விழுவான். இப்படி ஒன்றன்பின் ஒன்றாக, சங்கிலி மாதிரி வருவதுதான் குளிர்காலத்து அழிவு. வாளும் குண்டும் அதிலே கடைசிக் கண்ணிகள்தாம்.

இதற்கு உலகம் அறிந்த உதாரணம் நெப்போலியன். 1812ஆம் ஆண்டு ஜூன் மாதத்திலே பிரெஞ்சுச் சக்கரவர்த்தியான அவர், பல நாட்டு வீரர்களைத் திரட்டி ரஷ்யாவுக்குள் நுழைந்தார். பின்னாலே போய்ச் சேர்ந்தவர்களையும் கூட்டினால் ஏறத்தாழ 6 லட்சம் பேர். செப்டம்பர் 14ஆம் நாள் மாஸ்கோவுக்குள் போனார். நகரம் தீப்பற்றி எரிந்தது. சமாதானம் கேட்டு யாரும் வரவில்லை. அக்டோபர் 19ஆம் நாள் திரும்பினார். நவம்பரிலே பனி பிடித்துக்கொண்டது. பனிக்கட்டியிலே வழுக்காமல் நடக்கத் தகுந்த லாடம் அவர்களுடைய குதிரைகளுக்கு அடிக்கப்படவில்லை. குதிரைகள் விழுந்தன; பீரங்கிகளும் வண்டிகளும் அப்படியே நின்றுபோயின.

ஆனால் ஒன்றை நாம் கவனிக்க வேண்டும். நெப்போலியனைப் பனி தோற்கடித்தது என்றுதான் பலரும் சொல்வார்கள். மாஸ்கோவைச் சேரும்போதே அவருடைய மையப் படையிலே சுமார் ஒரு லட்சம் பேர்தான் மிஞ்சியிருந்தார்கள். கோடை வெயில், விஷக்காய்ச்சல், பசி, போர் ஆகியவை மற்றவர்களை ஏற்கெனவே கொண்டுபோய்விட்டன. தொடக்கத்திலேயே உணவும் உடையும் சரியாகக் கணக்கிடப்படாத ஒரு படையைத்தான் பனி வந்து முடித்துவைத்தது. இந்த உண்மையை மனத்திலே வைத்துக்கொண்டு இந்தியாவுக்கு வருவோம்.

கம்பளி தேடிப் போன படை

இமயமலைக்கு அப்பாலே திபெத். அங்கே குளிர் கடுமையாக இருப்பதாலே, அந்த மேட்டு நிலத்து ஆடுகளுக்கு வெளிமயிருக்கு அடியிலே பட்டுப் போன்ற மெல்லிய உள்மயிர் வளரும். அதிலே நெய்வதுதான் புகழ்பெற்ற காஷ்மீர்ச் சால்வை. அந்தக் கம்பளி வாணிபத்தைக் கையிலே வைத்திருப்பவருக்குப் பெரும் வருமானம். ஜம்முவை ஆண்ட குலாப் சிங், லாகூர் சீக்கிய அரசுக்கு அடங்கியவர். அவருடைய தளபதி ஜோராவர் சிங் 1834ஆம் ஆண்டு தொடங்கி லடாக்கைப் பிடித்தார். பிறகு பால்டிஸ்தானத்தையும் பிடித்தார். அடுத்ததாக 1841ஆம் ஆண்டு, கோடைக்காலத்திலே, சுமார் 6,000 பேருடன் மேற்குத் திபெத்துக்குள் நுழைந்தார்.

முதலிலே வெற்றிமேல் வெற்றி. ருடோக், கார்டோக் என்ற ஊர்கள் விழுந்தன. கைலாய மலையும் மானசரோவர் ஏரியும் இருக்கும் புண்ணிய பூமி அவர் கைக்கு வந்தது. நேபாள எல்லைக்குப் பக்கத்திலே தக்லாகோட் என்ற இடம் வரையிலே சென்று கோட்டை கட்டிக்கொண்டு உட்கார்ந்தார். இதற்குள்ளே இலையுதிர் காலம் முடிந்துவிட்டது. பின்னாலே இருந்த கணவாய்களைப் பனி மூடியது. லடாக்கிலிருந்து உணவும் வரவில்லை, துணைப்படையும் வரவில்லை.

அந்த இடம் கடல் மட்டத்துக்கு மேலே சுமார் 4,000 மீட்டர் உயரம். நம் கேமரன் மலையின் ஊர்களைப் போல இரண்டு மடங்குக்கும் மேலே. மரமே இல்லாத பூமி. அங்கே வாழ்கிற மக்கள் யாக் என்னும் சடைமாட்டின் காய்ந்த சாணத்தை எரித்துக் குளிர் காய்வார்கள். அதைக் கோடையிலேயே சேர்த்து வைத்திருப்பார்கள். வந்து இறங்கிய படைக்கு அந்தச் சேமிப்பு ஏது?

திபெத்தியர் அவசரப்படவில்லை. குளிரைத் தங்களுக்குத் துணையாக்கிக்கொண்டு, ஜோராவர் சிங் காவல் வைத்திருந்த வழியை விட்டுவிட்டு வேறு கணவாய் வழியாகப் பனியிலே இறங்கி வந்தார்கள். அவர்களைத் தடுக்க அனுப்பிய சிறு படைகள் அழிந்தன. கடைசியாக டிசம்பர் 10ஆம் நாள் தொடங்கி மூன்று நாள், டோயோ என்ற இடத்திலே பெரும் போர் நடந்தது. போருக்கு முன்னாலேயே பல வீரர்களுக்குக் கைவிரல்களும் கால்விரல்களும் பனிக்கடியிலே போய்விட்டிருந்தன. துப்பாக்கியைப் பிடிக்கக்கூட முடியவில்லை. எரிக்க ஒன்றும் கிடைக்காமல், சிலர் தங்கள் துப்பாக்கியின் மரக்கட்டையையே எரித்துக் கை காய்ந்ததாக, அந்தப் பகுதியின் வரலாற்றை எழுதிய அலெக்சாண்டர் கன்னிங்ஹாம் குறித்திருக்கிறார். சண்டை போடப் போனவன் தன் ஆயுதத்தையே விறகாக்கினான் என்றால் அந்த நிலைமை எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

டிசம்பர் 12ஆம் நாள் ஜோராவர் சிங்கின் வலத் தோளிலே குண்டு பாய்ந்தது. அவர் வாளை இடது கைக்கு மாற்றிக்கொண்டு போரிட்டார். ஈட்டியாலே குத்தப்பட்டு இறந்தார். அவருடைய வீரத்தை மதித்து, எதிரிகளான திபெத்தியரே அவர் விழுந்த இடத்திலே ஒரு தூபி எழுப்பினார்கள். ஆனால் உயிர்களை வெல்லக் கம்பளி தேடி வந்த படையிலே, அந்தக் கம்பளி இல்லாமல் செத்த சிப்பாய்கள் எத்தனை பேர்! அடுத்த ஆண்டு திபெத்தியர் லடாக்குக்குள் வந்தபோது அவர்களும் தோற்றார்கள். 1842 செப்டம்பரிலே, பழைய எல்லையே எல்லை என்று இரு தரப்பும் உடன்படிக்கை செய்துகொண்டன. அத்தனை உயிரும் போன பிறகு எல்லைக்கல் நின்றது பழைய இடத்திலேதான்.

ஜோராவர் சிங் குளிரை அறியாதவர் அல்லர். லடாக்கிலே குளிர்காலங்களைக் கண்டவர். அறிந்தவரே ஏமாந்தார் என்றால், அறியாதவர்களின் கதி என்ன? இதே குளிர்காலத்திலே, ஒரு மாதம்கூட ஆகாமல், காபூலிலே அதை உலகம் பார்த்தது.

காபூலிலிருந்து திரும்பிய பாதை

ரஷ்யா இந்தியாவுக்கு வந்துவிடுமோ என்று ஆங்கிலேயருக்கு அப்போது ஒரு பயம். அதனாலே 1839ஆம் ஆண்டு ஆப்கானிஸ்தானத்தின்மீது படையெடுத்து, ஆண்டுகொண்டிருந்த தோஸ்த் முகமதுவை நீக்கிவிட்டு, தங்கள் சொல் கேட்கும் ஷா ஷூஜாவை அரியணையிலே உட்கார வைத்தார்கள். அந்தப் படை புறப்பட்டபோது, சிப்பாய்களைவிட அவர்களைப் பின்தொடர்ந்தவர்கள்தாம் அதிகம். சுமார் 38,000 பேர். யார் இவர்கள்? சமையல்காரர், தண்ணீர் சுமப்பவர், புல் அறுப்பவர், ஒட்டகம் ஓட்டுபவர், பல்லக்குத் தூக்குபவர், துணி வெளுப்பவர், அவர்களுடைய மனைவிமார், குழந்தைகள். ஒரு வெள்ளைக்காரத் துரைக்குப் பத்து வேலைக்காரர் என்ற காலம் அது. இவர்களிலும் சிப்பாய்களிலும் பெரும்பாலோர் கங்கைச் சமவெளியிலே பிறந்தவர்கள். நம்மைப் போலவே வெயிலிலே வளர்ந்தவர்கள்.

1841 நவம்பர் 2ஆம் நாள் காபூல் மக்கள் கிளர்ந்தெழுந்தார்கள். ஆங்கிலப் படையின் பாளையம் தாழ்வான இடத்திலே இருந்தது. அதைவிட மோசம், உணவுக் கிடங்கு பாளையத்து மதிலுக்கு வெளியே இருந்தது. அது சில நாளிலேயே எதிரி கைக்குப் போனது. தளபதி எல்பின்ஸ்டன் வயதானவர், கீல்வாத நோயாளி, எதிலும் முடிவு எடுக்க இயலாதவர். இரண்டு மாதம் தயங்கிவிட்டு, தோஸ்த் முகமதுவின் மகன் அக்பர் கானிடம் வழித்துணைக்கு வாக்குறுதி வாங்கிக்கொண்டு, 1842 ஜனவரி 6ஆம் நாள் காலையிலே படை வெளியேறியது. நம்மவர் வீடுகளிலே தைப் பொங்கலுக்குத் தயாராகும் நாட்கள் அவை. சிப்பாய்கள் சுமார் 4,500 பேர், அவர்களிலே ஐரோப்பியர் 700 பேர் இருக்கலாம், மீதி இந்தியர். கூட வந்த வேலைக்காரரும் பெண்களும் குழந்தைகளும் சுமார் 12,000 பேர். போக வேண்டிய இடம் ஜலாலாபாத்; சுமார் 145 கிலோமீட்டர்.

முதல் நாள் பத்துக் கிலோமீட்டர்கூட நடக்கவில்லை. கூடாரங்களும் உணவும் ஏற்றிய மிருகங்கள் கொள்ளை போயின. இரவிலே வெட்டவெளிப் பனிமேலேயே படுத்தார்கள். விடிந்தபோது பலர் எழுந்திருக்கவில்லை.

அந்த இரவைப் பற்றி இரண்டு செய்திகளைச் சொல்ல வேண்டும். படையிலே இருந்த பாட்டிஞ்சர் என்ற அதிகாரி, பழைய குதிரைக் கம்பளிகளைக் கிழித்து வீரர்களின் காலிலே சுற்றிக் கட்டச் சொல்லலாம் என்று யோசனை கூறினார். ஆப்கானியர் பனிக்காலத்திலே அப்படித்தான் செய்வது வழக்கம். மேலதிகாரிகள் அதைக் காதிலே போட்டுக்கொள்ளவில்லை. மெக்கன்சி என்ற இன்னோர் அதிகாரியிடம் ஆப்கானிய வீரர்கள் சிலர் இருந்தார்கள். அவர்கள் என்ன செய்தார்கள்? பனியைச் சுரண்டி ஒதுக்கி, ஒரு வட்டமாகப் படுத்துக்கொண்டு, எல்லோருடைய காலும் நடுவிலே சேரும்படி வைத்து, இருந்த ஆட்டுத்தோல் அங்கிகளையெல்லாம் எல்லோர்மீதும் பொதுவாகப் போர்த்துக்கொண்டார்கள். காலையிலே அவர்கள் எழுந்து நடந்தார்கள். பக்கத்திலேயே, அதே பனியிலே, அதே இரவிலே, இந்தியச் சிப்பாய்களும் கூலிகளும் உறைந்து கிடந்தார்கள். மண்ணை அறிந்தவனின் அறிவு கைக்கெட்டும் தூரத்திலே இருந்தது. அதைக் கேட்டுத் தெரிந்துகொள்ள மேலே இருந்தவர்களுக்கு மனம் வரவில்லை.

ஜனவரி 8ஆம் நாள் குர்த் காபூல் என்ற குறுகலான கணவாயிலே, இரு பக்கத்து மலையிலிருந்தும் துப்பாக்கிகள் வெடித்தன. அந்த ஒரே நாளிலே சுமார் 3,000 பேர் மாண்டார்கள். பிறகு ஜகதலக், பிறகு கண்டமக். அங்கே ஜனவரி 13ஆம் நாள் கடைசிக் கூட்டமும் வீழ்ந்தது. அதே நாள் மதியத்திலே, தளர்ந்த குதிரைமேல் காயத்தோடு டாக்டர் பிரைடன் என்ற ஒருவர் ஜலாலாபாத் கோட்டை வாசலுக்கு வந்து சேர்ந்தார்.

பதினாறாயிரம் பேரிலே ஒரே ஒருவர் தப்பினார் என்று பல புத்தகங்களிலே எழுதியிருக்கும். 1879ஆம் ஆண்டு எலிசபெத் பட்லர் என்ற ஓவியப் பெண்மணி அவரை அந்தக் குதிரைமேல் வரைந்த படமும் மிகவும் பேர்பெற்றது. ஆனால் அந்தக் கணக்கு சரியா? பிணையாகப் பிடிபட்ட ஆங்கிலேய அதிகாரிகளும் அவர்கள் குடும்பத்தாரும் பின்னாலே மீட்கப்பட்டார்கள். சில சிப்பாய்கள் தட்டுத்தடுமாறி வந்து சேர்ந்தார்கள். 1842 செப்டம்பரிலே ஆங்கிலப் படை மறுபடியும் காபூலுக்குள் போனபோது, ஏறத்தாழ 2,000 இந்தியச் சிப்பாய்களும் வேலைக்காரர்களும் அங்கே உயிரோடு கிடந்தார்கள். பலருக்குக் காலில்லை; கையில்லை. பிச்சை எடுத்துக்கொண்டிருந்தார்கள். சிலர் அடிமைகளாக விற்கப்பட்டிருந்தார்கள். ஒருவர்தான் தப்பினார் என்று எழுதியபோது, இவர்களை மனிதக் கணக்கிலேயே சேர்க்கவில்லை. இவர்களை எந்த ஓவியரும் வரையவில்லை.

இத்தனைக்கும் முடிவு என்ன? தோஸ்த் முகமது 1843ஆம் ஆண்டு மீண்டும் காபூலிலே அரியணை ஏறினார். எவரை நீக்குவதற்காகப் போர் தொடங்கியதோ, அவரே திரும்பி வந்தார்.

குளிர் எல்லோருக்கும் பகையா?

அப்படியானால் குளிர்காலத்திலே யாரும் படையெடுத்து வென்றதே இல்லையா என்று கேட்பீர்கள். வென்றவர்கள் உண்டு. மங்கோலியர் அப்படிப்பட்டவர்கள். ஜெங்கிஸ் கானின் பேரன் பட்டு கான், ரஷ்ய நாடுகளைத் தாக்குவதற்குக் குளிர்காலத்தையே தேர்ந்தெடுத்தார். 1237 டிசம்பரிலே ரியாசான் நகரம் விழுந்தது. 1238 பிப்ரவரியிலே விளாடிமிர் விழுந்தது. உறைந்துபோன ஆறுகள் அவர்களுக்குச் சடக்காகப் பயன்பட்டன. அவர்களுடைய சிறிய குதிரைகள் குளம்பாலே பனியைத் தோண்டிப் புல் தின்னப் பழகியவை. உடுத்தியிருந்ததோ மிருகத்தின் மயிரோடு கூடிய தோல். வசந்தம் வந்து பனி உருகினால் பூமி சேறாகிவிடும் என்று தெரிந்து, நோவ்கோரோடு நகரத்தைத் தொடாமலே திரும்பியும் விட்டார்கள்.

ஆகவே, பனி ஒருவருக்கு எதிரியாகவும் மற்றவருக்கு நண்பனாகவும் பிறப்பதில்லை. அதிலே வாழத் தெரிந்தவனுக்கும், அதற்கென்று உடையும் உணவும் ஏற்பாடு செய்தவனுக்கும் அது வழிவிடுகிறது. வருவதற்குள் வேலை முடிந்துவிடும் என்று நினைத்தவனைத்தான் விழுங்குகிறது.

அப்படி நினைத்த ஒருவர் ஹிட்லர். 1941 ஜூன் 22ஆம் நாள் 30 லட்சம் ஜெர்மானிய வீரர்களை அவர் ரஷ்யாவின்மீது ஏவினார். குளிர்காலத்துக்குள் போர் முடிந்துவிடும் என்பது திட்டம். முடியவில்லை. அக்டோபரிலே மழையும் சேறும், நவம்பரிலே உறைபனி. குளிராடைகள் பின்னாலே கிடங்குகளிலே கிடந்தன. இரயில் வண்டிகளிலோ குண்டுக்கும் எண்ணெய்க்குமே இடம் போதவில்லை. ஆணி அடித்த, இறுக்கமான தோல் காலணி குளிரைக் காலுக்குள் கடத்தியது. ரஷ்யரோ ஆட்டுமயிரை அழுத்திச் செய்த பெரிய காலணியை அணிந்தார்கள். டிசம்பர் 5ஆம் நாள், மாஸ்கோவின் வாசலிலே ரஷ்யர் திருப்பித் தாக்கினார்கள். அந்தக் குளிர்காலத்திலே ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட ஜெர்மானியருக்குப் பனிக்கடி. வீட்டிலே இருக்கும் கம்பளிச் சட்டைகளைப் படைக்குக் கொடுங்கள் என்று ஜெர்மானிய அரசாங்கம் தன் மக்களிடம் டிசம்பர் கடைசியிலே கேட்க வேண்டியதாயிற்று. அந்தக் குளிர்காலப் போருக்காக வழங்கிய பதக்கத்துக்கு அந்த வீரர்களே "உறைந்த இறைச்சிப் பதக்கம்" என்று கேலிப் பெயர் வைத்தார்கள்.

கித்தா மரத்துக்கு வருவோம்

தொடக்கத்திலே சொன்ன தொடர்பு இங்கேதான் வருகிறது. மாஸ்கோவைக் காத்தவர்களிலே, சைபீரியாவிலிருந்தும் தூரக்கிழக்கிலிருந்தும் வந்த படைகளும் உண்டு. பனியிலே பழகியவர்கள். ஜப்பான் எந்த நேரமும் ரஷ்யாவைத் தாக்கலாம் என்று அதுவரை அவர்களைக் கிழக்கு எல்லையிலே நிறுத்தி வைத்திருந்தார்கள். டோக்கியோவிலே பத்திரிகையாளராக இருந்துகொண்டு ரஷ்யாவுக்கு உளவு சொன்ன சோர்கே என்ற ஜெர்மானியர், அந்த ஆண்டு ஜப்பான் ரஷ்யாவைத் தாக்காது என்று 1941 செப்டம்பரிலே செய்தி அனுப்பினார். ரஷ்யா கிழக்கிலிருந்து மேலும் படைகளை மாஸ்கோவுக்கு அழைத்துக்கொள்ள அது உதவியது.

ஜப்பான் வடக்கே போகாமல் எங்கே போயிற்று? தெற்கே வந்தது. எண்ணெய்க்காகவும், ஈயத்துக்காகவும், ரப்பருக்காகவும் வந்தது. மாஸ்கோவிலே ரஷ்யர் திருப்பித் தாக்கிய மூன்றாம் நாள், 1941 டிசம்பர் 8ஆம் நாள் பின்னிரவிலே, ஜப்பானியர் கோத்தா பாருவிலே கரை இறங்கினார்கள். அது வடகிழக்குப் பருவமழைக் காலம். அந்தக் காலத்திலே கிழக்குக் கரையிலே கடல் கொந்தளிக்கும். யாரும் படகிலே இறங்க முடியாது என்றுதான் ஆங்கிலேயர் வெகுகாலம் நம்பியிருந்தார்கள். முடியும் என்று அவர்களுடைய தளபதி டாபி 1937ஆம் ஆண்டிலேயே சோதித்து எச்சரித்திருந்தார். அலை சில படகுகளைக் கவிழ்த்தது. ஆனாலும் வந்தவர்கள் வந்துவிட்டார்கள்.

1942 ஜனவரி 7ஆம் நாள் சிலிம் ரிவரிலே இந்தியப் படைப்பிரிவுகள் சிதறுண்டன. ஜனவரி 11ஆம் நாள் ஜப்பானியர் கோலாலம்பூருக்குள் வந்தார்கள். அந்த இரண்டு ஊருக்கும் இடையிலே இருக்கும் பெரிய சடக்கு, நம் ரவாங் வழியாகப் போகிறது. காபூலிலிருந்து புறப்பட்ட இந்தியச் சிப்பாய்கள் பனியிலே செத்துக்கொண்டிருந்த அதே ஜனவரி நாட்கள். சரியாக நூறு ஆண்டு கழித்து! அங்கே பனி, இங்கே மழை. இரண்டு இடத்திலும், தூரத்து அறையிலே எடுத்த முடிவுக்குத் தோள் கொடுத்தவன் இந்தியச் சிப்பாய்.

பிறகு நடந்தது உங்கள் குடும்பங்களுக்குத் தெரியும். சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் இரயில் பாதை போட, ஜப்பானியர் நம் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்களைக் கொண்டுபோனார்கள். சில மாதத்து வேலை, நல்ல கூலி என்று சொல்லி அழைத்தார்கள். பிறகு பிடித்தும் கொண்டுபோனார்கள். 1943ஆம் ஆண்டு மழைக்காலத்திலே அந்தக் காட்டிலே வாந்திபேதி பரவியது. அங்கே பனி இல்லை. ஆனால் சங்கிலி அதே சங்கிலிதான். பாதை சேறானது, உணவு வண்டி நின்றது, உணவு குறைந்தது, உடம்பு தளர்ந்தது, நோய் வந்தது. மேல்நாட்டுப் போர்க் கைதிகள் சுமார் 60,000 பேரிலே 12,000க்கு மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அவர்களிடையே டாக்டர்கள் இருந்தார்கள். பெயர்ப் பட்டியல் எழுதியவர்கள் இருந்தார்கள். அதனாலே காஞ்சனபுரியிலே அவர்களுக்கு வரிசை வரிசையாகப் பெயர் பொறித்த கல்லறைகள் இருக்கின்றன. நம்மவர்கள் அவர்களைவிட அதிகமாக மாண்டார்கள். அவர்களுக்கு டாக்டரும் இல்லை, பட்டியலும் இல்லை. மொத்தமாக ஒரே குழியிலே போனவர்கள் பலர்.

நேயர்களே, காபூல் பாதையிலே விழுந்த அந்தப் புல் அறுப்பவனையும், சயாம் காட்டிலே விழுந்த நம் தோட்டத்துப் பாட்டாளியையும் ஒன்றாக வைத்துப் பார்த்தால் ஒரு பாடம் தெரிகிறது. படையெடுப்புக்குக் கிளம்புகிறவர்கள் பீரங்கியை எண்ணுகிறார்கள், குதிரையை எண்ணுகிறார்கள், சிப்பாயை எண்ணுகிறார்கள். சுமை தூக்குகிறவனுக்குக் கம்பளி உண்டா, கஞ்சி உண்டா என்று எண்ணுவதில்லை. குளிரானாலும் மழையானாலும் முதலிலே வந்து நிற்பது அவன் பக்கத்திலேதான். செத்த பிறகு வரலாற்றுப் புத்தகத்திலும் அவன் எண்ணப்படுவதில்லை.

காபூலிலே மாண்டவர்களுக்கு நாம் இனி ஒன்றும் செய்ய இயலாது. அவர்களுடைய பெயர் நமக்குத் தெரியாது. சயாமுக்குப் போனவர்களின் பெயர் உங்கள் வீட்டிலே தெரியும். போய் வந்தவர்கள் அநேகமாக எல்லோரும் காலமாகிவிட்டார்கள். அவர்கள் சொல்லக் கேட்ட பிள்ளைகள் இன்று தாத்தாவும் பாட்டியுமாக இருக்கிறார்கள். பல தோட்டங்கள் வீடமைப்பு நிலங்களாகிவிட்டன, லயங்கள் இடிந்துவிட்டன, செக்ரோல் புத்தகங்களும் போய்விட்டன. ஆகையாலே பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள், ஒரு நோட்டுப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு பாட்டியின் பக்கத்திலே உட்காருங்கள். நம் குடும்பத்திலே யார் போனார்கள், எந்தத் தோட்டத்திலிருந்து போனார்கள், எந்த ஆண்டு, திரும்பி வந்தார்களா என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். பெயர் தெரிந்தால் பெயர். முறை மட்டும் தெரிந்தால், பெரியப்பா என்றோ சின்னத் தாத்தா என்றோ எழுதுங்கள். ஒரு பக்கம் போதும். அந்தக் கணக்கை நாம்தான் எழுத வேண்டும்.